ஏடு கட்டும் வரை

என் நாத்தனாரைப் பற்றி நாலு நல்ல வார்த்தை எழுத உட்காருவேன் என்று கல்யாணமான புதிதில் யாராவது சொல்லியிருந்தால், அவர்களோடு பேச்சையே நிறுத்தியிருப்பேன். என் கணவருக்குக் கூடப் பிறந்தவர் அந்த ஓர் அக்காதான். அம்மாவும் அப்பாவும் போன பிறகு தம்பியைப் படிக்க வைத்து ஆளாக்கியவர். நான் அவரை அண்ணி என்று கூப்பிடுவேன். நகரத்துக் குடிநீர் நிலையத்தில் மணல் படுகைகளுக்குப் பொறுப்பாளர். அந்தப் படுகைகளைத் தவிர உலகத்தில் வேறு எதையும் அவர் நிமிர்ந்து பார்த்ததில்லை என்று வெகுகாலம் நினைத்துக்கொண்டிருந்தேன்.

நான் அந்த வீட்டுக்குப் போன முதல் நாள் என் பெட்டியை வாங்கி அறையில் வைத்தார். குளியலறைத் தாழ்ப்பாளை எந்தப் பக்கம் அழுத்தினால் திறக்கும் என்று காட்டினார். நகர்ந்துவிட்டார். அதற்குப் பிறகு "சாப்பிட்டியா?", "விளக்கை அணைச்சுடு" என்பதைத் தாண்டி ஒரு வார்த்தை கிடையாது. குழம்பில் உப்புத் தூக்கலாக இருந்தாலும் வாயைத் திறக்க மாட்டார், நன்றாக வாய்த்திருந்தாலும் திறக்க மாட்டார். எனக்கோ பேசாமல் இருந்தால் தலை வெடித்துவிடும். ஒரு நாள் கணவரைப் பிடித்துக்கொண்டேன்.

"உங்க அக்காவுக்கு என்னைக் கண்டாலே ஆகல. நேரா சொல்லிடச் சொல்லுங்க, நான் மூட்டையைக் கட்டறேன்."

அந்த மனிதர் விழுந்து விழுந்து சிரித்தார். "ஆகாம இல்லடி. உனக்கு ஏடு கட்டட்டும்னு விட்டு வெச்சிருக்கா."

"எனக்கு என்னது கட்டணுமாம்?"

அப்போதுதான் அந்தச் சொல் எனக்கு அறிமுகமாயிற்று. தயிரின் மேல் படிகிற ஏடு எல்லோருக்கும் தெரியும். குடிநீர் நிலையத்தில் ஏடு என்றால் வேறு. அங்கே மூன்று பெரிய தொட்டிகள் இருக்கின்றன. ஒவ்வொன்றிலும் ஆள் இடுப்பளவுக்கு மணல். அதன் மேல் இன்னொரு இடுப்பளவுக்கு ஆற்றுத் தண்ணீர். அந்தத் தண்ணீர் மணலுக்குள் மெல்ல மெல்ல இறங்கும். ஒரு மணி நேரத்தில் ஒரு சாண் இறங்கினால் அதிகம். அடியில் உள்ள குழாய் வழியாக வெளியே வரும்போது கண்ணாடி மாதிரி இருக்கும். மணல்தான் வடிகட்டுகிறது என்று நானும் உங்களைப் போலத்தான் நினைத்தேன். மணலுக்கு அவ்வளவு சாமர்த்தியம் கிடையாது. மணலின் மேல்பரப்பில் நாள்பட ஒரு கொழகொழப்பான படலம் உண்டாகும், பழுப்பும் பச்சையுமாக. கண்ணுக்குத் தெரியாத கோடிக்கணக்கான உயிர்கள் அதில் குடியிருக்கும். தண்ணீரில் வருகிற அழுக்கையும் கிருமியையும் தின்று தீர்ப்பது அவைதான். நிலையத்தின் சுவரில் தொங்குகிற பலகை அதை 'உயிர்ப்படலம்' என்கிறது. பொறியியல் புத்தகத்தில் அதற்கு இருக்கும் வெளிநாட்டுப் பெயருக்கு அழுக்குப் போர்வை என்று பொருளாம். வேலை செய்கிறவர்கள் எல்லோருக்கும் அது ஏடுதான்.

ஏடு தடித்துப்போனால் தண்ணீர் இறங்காது. அப்போது தொட்டியை வடியவிட்டு, தட்டையான மண்வாரியால் மேலாக ஒரு விரற்கடை மணலைச் சுரண்டி எடுப்பார்கள். அதற்கு 'ஏடு எடுப்பது' என்று பெயர். சுரண்டிய படுகை பார்க்கப் பளிச்சென்று, துடைத்துவைத்த தரை மாதிரி இருக்கும். ஆனால் அதிலிருந்து வருகிற தண்ணீர் குடிக்க லாயக்கில்லை. புதிதாக ஏடு கட்டும்வரை அவ்வளவு தண்ணீரையும் சாக்கடைக்குத்தான் விட வேண்டும். தினமும் காலையில் பாட்டிலில் பிடித்துச் சோதனைக்கு அனுப்பி, காத்திருக்க வேண்டும். இரண்டு வாரம் பிடிக்கும். அந்த இரண்டு வாரமும் படுகையை யாரும் கலக்கக் கூடாது. ஒரு கம்பை விட்டுத் துழாவினாலும் போச்சு, மறுபடி முதலிலிருந்து.

ஒருமுறை கோடைக்காலத்தில் ஊரே தண்ணீருக்குத் தவித்தபோது, யாரோ ஒரு பெரிய மனிதர் வண்டியில் வந்து இறங்கி, "இதான் தெளிவா இருக்கேம்மா, திறந்துவிடுங்க" என்று அதட்டியிருக்கிறார். அண்ணி ஒரு டம்ளரில் பிடித்து அவரிடம் நீட்டி, "இன்னும் கட்டல. நீங்க முதல்ல குடிங்க, அப்புறம் திறக்கறேன்" என்றாராம். வண்டி வந்த வழியே போயிற்று. படுகை விஷயத்தில் அண்ணி ஒரு நாளைக் கூட்டியும் சொல்ல மாட்டார், குறைத்தும் சொல்ல மாட்டார். அவருக்கு ஒரு கல்யாணப் பேச்சு வந்து நின்றுபோனதும் இந்தக் குணத்தால்தான். மாப்பிள்ளை வீட்டில் கொடுத்த தண்ணீரை ஒரு வாய் குடித்துவிட்டு, "உங்க மாடித் தொட்டியைக் கழுவி ரொம்ப நாளாச்சா?" என்று கேட்டு வைத்தார்.

இந்த ஏடு என்ற சொல் வேலையை முடித்துக்கொண்டு அவரோடு வீட்டுக்கும் வந்துவிட்டது. எங்கள் வீட்டில் அதற்கு இருக்கிற உபயோகத்துக்கு எந்த அகராதியும் ஈடு கொடுக்காது. புதுச் செருப்பு கடித்தால், "ரெண்டு நாள் போட்டா ஏடு கட்டிடும்." முழங்காலில் அடிபட்ட புண்ணைச் சொறிந்தால், "ஏட்டை எடுக்காதே." எனக்கும் என் கணவருக்கும் சண்டை வந்து, பக்கத்து வீட்டு அம்மாள் பஞ்சாயத்துப் பண்ண எட்டிப் பார்த்தால், "நீங்க உள்ள பூந்து ஏட்டைக் கலக்காதீங்க." மூத்த மகன் புதுப் பள்ளிக்கூடத்துக்கு அழுதுகொண்டே போன நாட்களில் நான் கையைப் பிசைந்துகொண்டு நிற்பேன், அண்ணி சாவகாசமாகத் துணி மடித்தபடி, "கட்டட்டும், கட்டட்டும்" என்பார். நாளாவட்டத்தில் எனக்கும் அந்த வீட்டில் கட்டியது. ஒரு மழைநாளில் நான் கேட்காமலே எனக்கு ஒரு டம்ளர் காப்பி கலந்து கொண்டுவந்து வைத்துவிட்டு, எதிரில் உட்கார்ந்து, தன் மேலதிகாரி ஒருவரின் நடையை நடித்துக் காட்டினார். நான் புரையேறிச் சிரித்தேன். இந்த மனுஷிக்குள் இவ்வளவு இருந்ததா என்று அன்றைக்கு நான் பட்ட ஆச்சரியம் கொஞ்சமல்ல.

ஐம்பதை நெருங்கும்போது அண்ணி ஒரு காரியம் செய்தார். யாரிடமும் கலந்துகொள்ளாமல் குழந்தைகள் நல அலுவலகத்துக்குப் போய், ஒரு குழந்தையை வளர்க்கக் கேட்டு எழுதிக் கொடுத்துவிட்டு வந்தார். ஒரு வருஷத்துக்கு மேல் இழுத்தடித்து, கடைசியில் ஆறு வயதுப் பெண் ஒன்றைக் கொடுத்தார்கள். ஆறு மாதம் பார்த்துவிட்டுத்தான் முடிவு சொல்வோம் என்றார்கள். பெற்றவர்கள் இல்லாத குழந்தை. ஏற்கெனவே இரண்டு வீடுகளில் இருந்து திரும்பி வந்ததாம். ஒல்லி, கூர்மையான மூக்கு, கூர்மையான பார்வை. என் கணவர் பார்த்த மாத்திரத்தில் 'குண்டூசி' என்று பெயர் வைத்துவிட்டார். அது யாரிடமும் பேசவில்லை. தன் பையை மடியில் வைத்துக்கொண்டு, எந்த நேரமும் புறப்படத் தயாராக இருக்கிற மாதிரி உட்கார்ந்திருந்தது.

அண்ணி என்ன செய்தார் தெரியுமா? பையை வைக்க ஓர் அலமாரியைக் காட்டினார். குளியலறைத் தாழ்ப்பாளைக் காட்டினார். நகர்ந்துவிட்டார்.

எனக்கு வந்த கோபத்தைச் சொல்லி முடியாது. நேரத்துக்குச் சாப்பாடு, துவைத்த துணி, பள்ளிக்கூடத்துக்குக் கொண்டுபோய் விட்டுக் கூட்டிவருவது என்று ஒன்றிலும் குறையில்லை. ஆனால் அந்தக் குழந்தையின் தலையை ஒரு தடவை தடவிக் கொடுத்து நான் பார்க்கவில்லை. ராத்திரி அது தூங்கிய பிறகு அறை வாசற்படியில் உட்கார்ந்து அதையே பார்த்துக்கொண்டிருப்பார். முழித்துக்கொண்டால் எழுந்து போய்விடுவார்.

"குழந்தையை வாரி எடுக்காத பொம்பளை உண்டா அண்ணி? அது என்ன நினைக்கும்?" என்று ஒரு நாள் கேட்டேவிட்டேன்.

"ரெண்டு வீட்டுல சுரண்டி அனுப்பியிருக்காங்க," என்றார் மெதுவாக. "இப்ப போய் கை வைக்கக் கூடாது. தானா கட்டும்."

"அது மணல் இல்ல அண்ணி!"

அண்ணிக்குத் தெரிந்த அன்பு அதுதான், விலகி நின்று காத்திருக்கிற அன்பு. முப்பது வருஷம் அப்படிச் செய்து ஊருக்கே நல்ல தண்ணீர் கொடுத்தவர், அது தவறாகப் போகும் என்று எப்படி நினைப்பார்? ஆனால் அந்தப் பக்கம் குண்டூசிக்கு அது புரியுமா? மூன்றாவது வீட்டிலும் தன்னை யாருக்கும் பிடிக்கவில்லை என்றுதான் அது எடுத்துக்கொண்டது. அலமாரியில் வைத்த பையிலிருந்து துணிகளை வெளியே எடுக்கவேயில்லை.

குழந்தைகள் நல அதிகாரி ஒரு பெண்மணி. கண்டிப்பானவர், ஆனால் கெட்டவர் இல்லை. நாலாவது மாதம் வீட்டுக்கு வந்தார். கூடத்தில் அண்ணி ஒரு மூலையிலும் குண்டூசி ஒரு மூலையிலும் உட்கார்ந்திருந்ததைப் பார்த்தார். அலமாரியைத் திறந்து, கட்டின பையைப் பார்த்தார். போகும்போது அண்ணியைத் தனியாக அழைத்துச் சொன்னார்.

"நீங்க நல்லா பார்த்துக்கறீங்க. இல்லைனு சொல்லல. ஆனா உங்க ரெண்டு பேருக்கும் நடுவுல ஒட்டுதலே இல்லையே. அடுத்த தடவை வரும்போதும் இப்படியே இருந்தா, குழந்தையை வேற வீட்டுக்கு மாத்தறதுதான் அதுக்கு நல்லது."

அவர் போன பிறகு அண்ணி சமையலறையில் ஒரே தட்டைக் கழுவிக்கொண்டிருந்தார். குழாய் ஓடிக்கொண்டே இருந்தது. தண்ணீரை வீணாக்குகிறவரைக் கண்டால் எரிந்து விழுகிற அண்ணி! நான் போய்க் குழாயை மூடினேன். "எனக்கு இவ வேணும்," என்றார். அவ்வளவுதான் சொன்னார். எனக்குத் தெரிந்து அவர் வாய்விட்டு 'வேணும்' என்று கேட்டது அந்த ஒன்றைத்தான். மறுநாள் காலையில் குண்டூசிக்குத் தலை வாரிவிடலாம் என்று சீப்பை எடுத்துக்கொண்டு கிட்டே போனார். குழந்தை மிரண்டு பின்னால் நகர்ந்தது. சீப்பை மேஜையில் வைத்துவிட்டு வேலைக்குக் கிளம்பிவிட்டார். காலம் கடந்துவிட்டது என்று நானும் நினைத்தேன்.

அடுத்த மாதத்தில் ஒரு நாள் பள்ளிக்கூடம் திடீரென்று விடுமுறை. நானும் கணவரும் ஊரில் இல்லை. வேறு வழியில்லாமல் அண்ணி குண்டூசியைக் குடிநீர் நிலையத்துக்கே கூட்டிக்கொண்டு போனார். அங்கே நடந்ததை எனக்குச் சொன்னவர் வால்வுக்காரர். தொட்டிகளின் வால்வுகளைத் திறந்து மூடுகிறவர், அண்ணியோடு இருபது வருஷமாக வேலை பார்ப்பவர், ஒன்றை ஒன்பதாகச் சொல்கிற ஆள். ஆனால் இதில் அவர் கூட்டிச் சொல்ல ஒன்றும் மிச்சமில்லை.

ஒரு படுகையில் அப்போதுதான் ஏடு எடுத்திருந்தார்கள். அதன் தண்ணீர் சாக்கடைக்குப் போய்க்கொண்டிருந்தது. மற்ற இரண்டும்தான் ஊருக்குத் தண்ணீர் கொடுத்துக்கொண்டிருந்தன. தொட்டிச் சுவரின் மேல் நடக்க அகலமான பாதை உண்டு, கம்பிவேலியும் உண்டு. அண்ணி குழந்தையை வேலிக்கு வெளியே பெஞ்சில் உட்கார வைத்துவிட்டு, அடியில் இறங்கி பாட்டிலில் தண்ணீர் பிடித்துக்கொண்டிருந்தார். வீட்டில் காலையிலிருந்து ராத்திரிவரை காதில் விழுகிற அந்த ஏடு என்னதான் என்று குண்டூசிக்குப் பார்க்க ஆசை. எலும்பும் தோலுமான உடம்பு, கம்பிகளுக்கு நடுவில் நுழைந்துவிட்டது. எட்டிப் பார்த்தது. ஊருக்குத் தண்ணீர் கொடுத்துக்கொண்டிருந்த தொட்டி ஒன்றுக்குள் தொப்பென்று விழுந்தது.

"சுவர் ஓரமாத்தாம்மா விழுந்துச்சு," என்றார் வால்வுக்காரர். "இலை தழை மிதந்தா எடுக்கறதுக்கு நீளக் கழி ஒண்ணு அங்கேயே கிடக்கு. அதை நீட்டினாலே போதும், புடிச்சு இழுத்துடலாம். நான் கழியை எடுக்கறேன், அதுக்குள்ள உங்க அண்ணி படியேறி ஓடிவந்து, செருப்போட, ரெண்டு காலையும் சேர்த்து, தொட்டி நடுவுல குதிக்கறாங்க! யாரு? படுகைக்குப் பக்கத்துல தும்மினாக்கூட முறைக்கிற பொம்பளை!"

குதித்தவர் குழந்தையைத் தூக்கித் தோளில் போட்டுக்கொண்டார். அது இருமி, தண்ணீரைக் கக்கி, வீறிட்டு அழுதது. அண்ணியின் கழுத்தை இரண்டு கையாலும் இறுக்கிக்கொண்டது. காலடியில் ஏடு கிழிந்து, மண்டி கிளம்பி, தொட்டி முழுக்கக் காப்பி நிறமாகிவிட்டது. மேலிருந்து எல்லோரும், "ஏறி வாங்க, ஏறி வாங்க" என்று கத்தினார்கள். அண்ணிக்குக் காதில் விழவில்லை. அந்தக் கலங்கல் தண்ணீருக்குள் நின்றுகொண்டே குழந்தையின் தலையைத் தடவினார், முதுகைத் தடவினார், நெற்றியில் முத்தம் கொடுத்தார், மறுபடி தலையைத் தடவினார். ஐந்து மாதத்துக்கும் சேர்த்துச் செய்தார் என்று நினைக்கிறேன். வால்வுக்காரர் இதைச் சொல்லும்போது துண்டால் மூக்கைத் துடைத்துக்கொண்டார். நான் துடைத்துக்கொள்ளக்கூட இல்லை, அழுதுவிட்டேன்.

அலுவலகத்தில் அண்ணிக்கு மெமோ கொடுத்தார்கள். வேலை செய்யும் இடத்துக்குக் குழந்தையைக் கூட்டி வந்ததற்கு ஒன்று, படுகையைக் கெடுத்ததற்கு ஒன்று. உடைந்த படுகையை வடித்து, சுரண்டி, மறுபடி ஏடு கட்ட விட வேண்டும். மூன்றில் ஒரு தொட்டிதான் மிச்சம். இரண்டு வாரத்துக்கு ஒரு நாள் விட்டு ஒரு நாள்தான் தண்ணீர் என்று தெருவெல்லாம் நோட்டீஸ் ஒட்டினார்கள். அந்த இரண்டு வாரக் கணக்கைச் சொன்னதும் அண்ணிதான். நான் குழாயடியில் வாங்கிக் கட்டிக்கொண்டது போதும் போதும் என்றாகிவிட்டது.

வீட்டிலோ வேறு கூத்து. குண்டூசி பேச ஆரம்பித்திருந்தது.

"நான்தான் ஏட்டை உடைச்சேன்," என்றது சோற்றுத் தட்டுக்கு முன்னால் உட்கார்ந்து, முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு.

"நீ எங்க உடைச்சே? நீ மேல மிதந்துக்கிட்டு இருந்தே. குதிச்சு மிதிச்சது நான்," என்றார் அண்ணி.

"நான் விழுந்ததாலதானே குதிச்சீங்க? அப்ப நான்தான்."

"உன் எடைக்கு ஒரு எறும்புகூட நசுங்காது. நான்தான்."

"நான்தான்!"

"சரி, ஆளுக்குப் பாதி. சாப்பிடு."

பாதியை ஒப்புக்கொண்ட பிறகு குண்டூசிக்குப் பொறுப்பு வந்துவிட்டது. தினமும் அண்ணி வாசலில் செருப்பைக் கழற்றும் முன்பே, "இன்னைக்குக் கட்டிச்சா?" என்று ஓடிவரும். "இன்னும் இல்ல" என்று அண்ணி அதன் கன்னத்தைக் கிள்ளுவார். கிள்ளக் கற்றுக்கொண்டுவிட்டார். இதையெல்லாம் பார்க்க எனக்கு எவ்வளவு சந்தோஷமோ அவ்வளவு பயமும் இருந்தது. அதிகாரி வரும் நாள் நெருங்கிக்கொண்டிருந்தது. தண்ணீர்த் தொட்டிக்குள் குழந்தையை விழவிட்டவரிடம் யார் குழந்தையை விட்டுவைப்பார்கள்? சொல்லாமல் இருந்துவிடலாம் அண்ணி என்று நான் ஜாடைமாடையாகச் சொல்லிப் பார்த்தேன். அவர் என்னைப் பார்த்த பார்வையில் வாயை மூடிக்கொண்டேன்.

படுகை வேலைக்கு வர இன்னும் இரண்டே நாள் இருந்தபோது அதிகாரி வந்தார். உட்கார்ந்து ஃபைலைப் பிரிக்கக்கூட விடவில்லை அண்ணி.

"மேடம், குழந்தை எங்க படுகைத் தொட்டியில விழுந்துட்டா. நான் கூட்டிக்கிட்டுப் போனது தப்பு. பார்த்துக்காம விட்டது அதைவிடப் பெரிய தப்பு. மெமோ வாங்கியிருக்கேன்," என்று மெமோவையும் எடுத்து வைத்தார்.

அதிகாரி படித்தார். முகம் இறுகியது. குண்டூசி அண்ணியின் நாற்காலிக்குப் பக்கத்தில் தரையில் உட்கார்ந்து, அவர் காலைக் கட்டிக்கொண்டிருந்தது. அதிகாரி அதைக் கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு குனிந்து குழந்தையிடமே கேட்டார்.

"உனக்கு வேற ஒரு வீடு பார்க்கலாமா கண்ணு? அப்பா, அம்மா ரெண்டு பேருமே இருக்கற வீடு?"

அண்ணியின் கை நாற்காலிப் பிடியை இறுக்கியது.

"இப்ப வர முடியாது," என்றது குண்டூசி. அதிகாரியைவிடக் கண்டிப்பாகச் சொன்னது. "ஏட்டுல பாதி நான் உடைச்சிருக்கேன். அது கட்டற வரைக்கும் நான் இங்கதான் இருந்து பார்க்கணும். கட்டினதும் வேணா சொல்லுங்க."

அதிகாரிக்கு ஒன்றும் புரியவில்லை. நான் இரண்டு வார்த்தையில் விளக்கினேன்.

"ஓ, அந்தத் தண்ணி விஷயமா?" என்று அவர் அண்ணியிடம் திரும்பினார். "ரெண்டு வாரம்னு நோட்டீஸ்ல பார்த்தேனே? அப்ப இன்னும் ரெண்டு நாள்தானா?"

அண்ணி குழந்தையைப் பார்த்தார். அது நிமிர்ந்து அவர் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தது.

"அது ஊருக்காகப் போட்டது மேடம்," என்றார் அண்ணி. குரல் நடுங்கியது. பொய் சொல்லிப் பழக்கமில்லாதவர். "இந்த மாதிரி உடைஞ்சா லேசுல கட்டாது. வருஷக்கணக்காகும். இவ வளர்ந்து பெரியவளாகற வரைக்கும்கூட ஆகும்."

அதிகாரி என்னைப் பார்த்தார். "அப்படியா?"

"ஆமாங்க," என்றேன். "படுகை விஷயத்துல எங்க அண்ணி சொன்னா சரியாத்தான் இருக்கும்."

அவர் எங்கள் மூவரையும் மாறி மாறிப் பார்த்தார். மெமோவை மடித்து அண்ணியின் கையிலேயே திருப்பிக் கொடுத்தார். ஃபைலைத் திறந்து நாலு வரி எழுதினார்.

"சரி," என்றார் குண்டூசியிடம். "கட்டினதும் எனக்குச் சொல்லி அனுப்பு. அதுவரைக்கும் நான் வரல."